பழி கள்ளின் மேல், பரு யாரால்?

1678இல் ஆம்ஸ்டர்டாமில் அச்சேறிய 'ஹோர்த்துஸ் மலபாரிக்குஸ்' நூலின் முதல் தொகுதி தென்னை மரத்தில் தொடங்குகிறது. கொச்சியில் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் தளபதியாக இருந்த ஹென்ட்ரிக் வான் ரீட் முன்னின்று தொகுத்த நூல் அது. 1693 வரை 12 தொகுதிகளாக வெளிவந்து, மலையாளக் கரையின் 742 தாவரங்களை விவரித்தது. செடிகளின் பெயரும் குணமும் சொல்லித் தந்தவர்களில் முதன்மையானவர் சேர்த்தலைப் பக்கம் கடக்கரப்பள்ளியைச் சேர்ந்த இட்டி அச்சுதன் வைத்தியர். ரங்க பட், விநாயக பண்டிட், அப்பு பட் என்ற மூன்று கொங்கணிப் பிராமணர்களும் அந்தப் பணியில் இருந்தார்கள்.

இட்டி அச்சுதன் ஈழவர். தென்னையில் ஏறிக் கள் இறக்குவதும் பச்சிலை அரைத்து நோய் தீர்ப்பதும் அந்தச் சமூகத்தின் பழந்தொழில்கள். ஒருவர் கள் இறக்க, அவருடைய உறவினர் நாடி பார்த்தார். கள் உடம்பை என்ன செய்யும் என்ற கேள்வி இந்தக் கரைக்குப் புதிதல்ல.

தென்னையிலிருந்து மனித முகத்துக்கு இரண்டு சரக்குகள் வந்து சேர்கின்றன. ஒன்று கள், அது வாய் வழியாகப் போகிறது. இன்னொன்று எண்ணெய், அது தலையிலிருந்து நெற்றிக்கு வழிகிறது. முகத்தில் பரு வந்தால் கேரளத்திலும் தமிழ்நாட்டிலும் சந்தேகம் விழுவது முதல் சரக்கின் மேல்தான். கல்லூரிக்குப் போகிற பையனின் கன்னம் சிவந்து புடைத்திருந்தால், "குடிக்க ஆரம்பிச்சுட்டானோ?" என்று வீட்டுப் பெரியவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். இதற்கு நேர்மாறான நம்பிக்கைகளும் உண்டு: பீர் குடித்தால் முகம் மினுங்கும், கள் சூட்டைத் தணிக்கும். இந்தப் பேச்சில் எது நிற்கும், எது நிற்காது என்பதைச் சான்றுகளோடு வைத்துப் பார்த்தால் கிடைக்கும் விடை இரு தரப்புக்கும் வசதியானதல்ல. பருவைப் பொறுத்தவரை மதுவின் மீதான குற்றச்சாட்டு பலவீனமானது. வேறு பல தோல் நோய்களில் மது தெளிவான குற்றவாளி. ஆனால் அங்கே யாரும் அதைச் சந்தேகிப்பதில்லை.

வயதுக் கணக்கு

பரு உச்சத்தில் இருக்கும் வயது 15 முதல் 19 வரை. கேரளத்தில் மது வாங்கச் சட்டப்படி 23 வயது ஆகியிருக்க வேண்டும். 2017இல்தான் அது 21லிருந்து உயர்த்தப்பட்டது. சட்டத்தை மீறிக் குடிப்பவர்கள் உண்டு என்றாலும், பரு தாக்குகிற வயதுக்கும் குடி பழக்கமாகிற வயதுக்கும் நடுவே சில ஆண்டுகள் இடைவெளி இருக்கிறது. தேசியக் குடும்ப நல ஆய்வின் ஐந்தாம் சுற்றில் (2019-21) கேரளத்தில் 15 வயதைக் கடந்த ஆண்களில் ஏறத்தாழ ஐவரில் ஒருவர் மது அருந்துவதாகச் சொன்னார்; பெண்களில் நூற்றுக்கு ஒருவர்கூட இல்லை. பருவோ ஆண், பெண் இருவருக்கும் வருகிறது. முப்பது வயதைத் தாண்டியும் பருவோடு போராடுகிறவர்களில் பெண்களே அதிகம். குடிதான் முதற்காரணம் என்றால் இந்தக் கணக்கு ஒத்துவராது.

பழைய வைத்திய நூல்களும் இதையே உணர்த்துகின்றன. சுசுருதர் முகப்பருவை 'முகதூஷிகா' என்று குறிப்பிட்டு, இலவ மரத்தின் முள்ளைப் போன்றது, இளம் வயதினரின் முகத்தில் தோன்றுவது என்கிறார். காரணமாகக் கபம், வாதம், ரத்தம் ஆகியவற்றைச் சொல்கிறார். கேரள அஷ்டவைத்தியர்களின் அடிப்படை நூலான 'அஷ்டாங்க ஹிருதயம்', அந்த முட்களுக்கு உள்ளே கொழுப்பு இருப்பதாகவும் சேர்த்துச் சொல்கிறது. மது இந்த வரிகளில் இல்லை. அந்த நூலை எழுதிய வாக்படருக்கு மதுவின் கேடு தெரியாமல் இல்லை. குடியால் வரும் நோய்களுக்கு 'மதாத்யயம்' என்று தனி அத்தியாயமே ஒதுக்கியவர் அவர். தெரிந்தும் பருவோடு அதை முடிச்சுப் போடவில்லை.

பரு பிறக்கும் விதம்

மயிர்க்காலோடு ஒட்டியிருக்கும் எண்ணெய்ச் சுரப்பி பருவ வயதில் ஆண்ட்ரோஜன் ஹார்மோன்களின் தூண்டுதலால் பெருத்து, கூடுதலாகச் சுரக்கிறது. துளையின் வாயில் உதிர வேண்டிய செல்கள் உதிராமல் ஒட்டி அடைத்துக்கொள்கின்றன. உள்ளே தேங்கிய எண்ணெயில் கியூட்டிபாக்டீரியம் ஆக்னஸ் என்ற பாக்டீரியா பெருகுகிறது. உடம்பின் எதிர்ப்பு சக்தி அதன் மீது பாய்கிறது. சிவப்பு, வீக்கம், வலி, சீழ் எல்லாம் வருகின்றன. கண்ணுக்குத் தெரியாத முதல் அடைப்பு, கைக்குத் தட்டுப்படும் கட்டியாக வளர வாரக்கணக்கில் ஆகும்.

ஆக, ஞாயிற்றுக்கிழமை காலையில் கண்ணாடியில் தெரிகிற பரு, சனிக்கிழமை இரவுக் குடியில் உருவானதல்ல. ஏற்கெனவே அடைபட்டிருந்த துளை அன்று சிவந்து தெரிந்திருக்கலாம். குடித்த மறுநாள் முகம் வீங்குவதற்கும் சிவப்பதற்கும் வேறு காரணங்கள் உண்டு. எத்தனால் உடம்பில் அசிட்டால்டிஹைடாக மாறும்போது ரத்தக் குழாய்கள் விரிகின்றன. சிறுநீரைக் கட்டுப்படுத்தும் வாசோபிரசின் ஹார்மோன் அடங்கிப்போவதால் நீர் வெளியேறுகிறது. தூக்கமும் கெடுகிறது. இந்த மறுநாள் முகத்தைத்தான் பலரும் பருவோடு சேர்த்துக் குழப்பிக்கொள்கிறார்கள்.

மறைமுகமான வழி ஒன்று இருக்கிறது. மாவுச்சத்தும் சர்க்கரையும் ரத்தத்தில் வேகமாக ஏறினால் இன்சுலினும், அதன் பின்னாலேயே ஐ.ஜி.எஃப்-1 என்ற வளர்ச்சிக் காரணியும் உயர்ந்து எண்ணெய்ச் சுரப்பியைத் தூண்டுகின்றன. 2007இல் மெல்பர்னில் 15 முதல் 25 வயது வரையிலான 43 இளைஞர்களிடம் நடந்த 12 வார ஆய்வில், சர்க்கரையை மெதுவாக ஏற்றும் உணவு உண்டவர்களுக்குப் பருக்கள் கூடுதலாகக் குறைந்தன. கேரளக் கள்ளுக் கடையின் மேசையை இந்தக் கண்ணோடு பார்க்கலாம். கள்ளுக்குத் துணையாக வருவது கப்பைக் கிழங்கும் மீன் கறியும்; கப்பை முழுக்க மாவுச்சத்து. பாரில் ரம்மோடு கலக்கும் 300 மி.லி. கோலாவில் 30 கிராமுக்கு மேல் சர்க்கரை இருக்கிறது. கோப்பையில் இருக்கும் எத்தனாலைவிட அதனோடு சேர்ந்து வருவதன் மேல் சந்தேகப்பட நியாயம் அதிகம். அதுவும் முடிந்த தீர்ப்பல்ல. அமெரிக்கத் தோல் மருத்துவக் கழகம் 2024இல் வெளியிட்ட பரு சிகிச்சை வழிகாட்டி, உணவுக் கட்டுப்பாட்டைப் பரிந்துரைக்கும் அளவுக்குச் சான்று போதவில்லை என்றே சொல்கிறது.

கண்ணில் படாத இரண்டு பொருட்கள்

கொச்சி மட்டாஞ்சேரியின் பழைய பண்டகசாலைகளில் மிளகுக்கும் சுக்குக்கும் அடுத்துத் தேங்காய் எண்ணெய்க்கு இடம் உண்டு. நாட்டின் தேங்காய் எண்ணெய் விலைக்குக் கொச்சிச் சந்தை நீண்ட காலமாக அளவுகோல். கடலோரப் புழுக்கத்தில் தலை நிறைய எண்ணெய் வைத்து, நெற்றிக்கு வழிந்ததை முகத்திலும் தேய்த்துக்கொள்வது இந்தக் கரையின் அன்றாடப் பழக்கம். 1970இல் அமெரிக்கத் தோல் மருத்துவர்கள் பிளெவிக், ஃபுல்டன், கிளிக்மன் மூவரும், தலையில் தடவும் எண்ணெய்ப் பசைகளால் நெற்றியிலும் கன்னப்பொறியிலும் வரும் பருவைத் தனி வகையாக விவரித்தார்கள். மயிர்க்கோட்டை ஒட்டி வரிசையாக, ஒரே அளவில், சொரசொரப்பாக வரும் சின்னஞ்சிறு பருக்கள் அவை. இந்தியத் தோல் மருத்துவர்களுக்கு இந்த நெற்றி நன்றாகத் தெரியும். பரு இருப்பவர்களிடம் அவர்கள் முதலில் சொல்வதில் ஒன்று, எண்ணெயை முகத்துக்கு வரவிடாதீர்கள் என்பது. தென்னையின் இரண்டு சரக்குகளில் பருவுக்குப் பொறுப்பேற்க வேண்டியது எது என்றால், கள்ளைவிட எண்ணெய்க்கே பொருத்தம் அதிகம்.

இரண்டாவது பொருள் மருந்துக் கடையிலிருந்து வருகிறது. சிவப்பழகு தரும், பருவைப் போக்கும் என்று கையில் கொடுக்கப்படும் ஸ்டீராய்டு கலந்த களிம்புகள் அவை. நாடு முழுவதும் தோல் பிரிவுகளுக்கு முகக் கோளாறோடு வந்த 2,926 பேரிடம் எடுத்து 2011இல் வெளியான ஆய்வில் 433 பேர், அதாவது 14.8 சதவீதம், முகத்தில் ஸ்டீராய்டு தடவிக்கொண்டிருந்தவர்கள். அவர்களிடம் அதிகம் கண்ட பாதிப்பு பருவும், இருந்த பரு முற்றியதும். தோல் மெலிந்து, ரத்தக் குழாய்கள் தெரிந்து, வெயில் பட்டால் எரியும் அந்த முகத்துக்கு 'ஸ்டீராய்டால் பழுதான முகம்' என்றே மருத்துவர்கள் பெயர் வைத்திருக்கிறார்கள். 2018இல் மத்திய அரசு 14 வகை ஸ்டீராய்டுக் களிம்புகளை மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்றது. அந்த முகம் குடிகாரரின் முகத்தைப் போலவே சிவந்திருக்கும். ஒரு சொட்டு மதுவைத் தொடாத பெண்கள்கூட இந்தச் சிவப்புக்காகக் கேள்விகளைச் சந்திக்கிறார்கள்.

மது குற்றவாளியாகும் இடம்

பருவைப் போலவே தோற்றம் தரும் இன்னொரு நோய் ரோசேசியா. முப்பதைத் தாண்டியவர்களுக்கு மூக்கிலும் கன்னத்திலும் நிலைத்த சிவப்பு, சூடு, எரிச்சல், நடுவே சிறு கட்டிகள். இரண்டையும் பிரிக்க மருத்துவர் செய்வது எளிய காரியம்: கன்னத் தோலை இரு விரலால் இழுத்துப் பிடித்து, கரும்புள்ளி வெண்புள்ளி அடைப்புகள் இருக்கின்றனவா என்று பார்ப்பார். இருந்தால் பரு; அடைப்பே இல்லாமல் கட்டியும் சிவப்பும் மட்டும் இருந்தால் ரோசேசியாவை நினைப்பார். இங்கே மதுவுக்குப் பங்கு உண்டு. அமெரிக்கச் செவிலியர்களைத் தொடர்ந்து கவனித்த நீண்டகால ஆய்வில் 82,737 பெண்களின் 14 ஆண்டு விவரங்கள் 2017இல் வெளியாயின. குடிக்கும் அளவு கூடக்கூட ரோசேசியா வரும் வாய்ப்பும் கூடியது. வெள்ளை ஒயினிலும் வடித்தெடுத்த மதுவிலும் தொடர்பு தெளிவாக இருந்தது. நோய் வருவதற்கு முன்பே குடியளவைக் கேட்டுப் பதிந்த ஆய்வு என்பதால், நோயின் கவலையில் குடித்திருப்பார்கள் என்று தள்ளிவிட முடியாது. பழுப்புத் தோலில் சிவப்பு எளிதில் தெரியாது. பாடநூல் படங்கள் வெள்ளைத் தோலில் எடுத்தவை. அதனால் நம்மிடையே இந்த நோய் 'சூட்டுக் கொப்புளம்' என்ற பெயரில் கடந்துபோகிறது.

சொரியாசிஸிலும் இதே கதை. அதே செவிலியர் வரிசையில் 82,869 பேரை வைத்து 2010இல் வந்த ஆய்வு, வாரத்துக்கு 5 அல்லது அதற்கு மேல் சாதாரண பீர் குடித்தவர்களுக்குச் சொரியாசிஸ் வரும் வாய்ப்பு ஏறத்தாழ முக்கால் மடங்கு கூடியதாகக் கண்டது. ஏற்கெனவே நோய் இருப்பவர் குடித்தால் மருந்துக்கும் சிக்கல். சொரியாசிஸுக்குத் தரப்படும் மெத்தோட்ரெக்சேட் கல்லீரலைச் சோதிப்பது. மதுவும் அங்கேயே போய்த் தாக்கும்.

முகம் முதுமை அடைவதையும் அளந்திருக்கிறார்கள். அமெரிக்கா, ஆஸ்திரேலியா, கனடா, பிரிட்டன் ஆகிய நாடுகளைச் சேர்ந்த 3,267 பெண்களிடம் எடுத்த ஆய்வு 2019இல் வந்தது. வாரத்துக்கு 8 கோப்பையோ அதற்கு மேலோ குடிப்பவர்களிடம் முகத்தின் மேற்பகுதிக் கோடுகள், கண்ணடி வீக்கம், கன்னச் சதை வற்றுதல், தெரியும் ரத்தக் குழாய்கள் கூடுதலாக இருந்தன. அமெரிக்கக் கணக்கில் ஒரு கோப்பை என்பது 14 கிராம் எத்தனால். எட்டுக் கோப்பை என்றால் 112 கிராம். நம் ஊர்ப் பிராந்தி, ரம்மில் 42.8 சதவீதம் ஆல்கஹால், 30 மி.லி. கொண்ட ஒரு பெக்கில் 10 கிராம் எத்தனால். அப்படியானால் 'அதிகக் குடி' என்று அந்த ஆய்வு சொன்ன எல்லை, வாரத்துக்கு இரண்டு குவார்ட்டர்கூட இல்லை.

கள் இயற்கையானது, அது மதுவில் சேராது என்பவர்களுக்கும் இதே கணக்கு பொருந்தும். காலையில் இறக்கிய கள் இனிப்பு. ஈஸ்ட் வேலை செய்யச் செய்ய மாலைக்குள் புளித்து ஏறுகிறது. கேரள அப்காரி (கலால்) விதிகள் தென்னங்கள்ளுக்கு 8.1 சதவீதம் வரை ஆல்கஹால் அனுமதிக்கின்றன. ஐந்து சதவீதம் என்றே வைத்தாலும் 650 மி.லி. கள்ளில் 25 கிராம் எத்தனால் இருக்கும். அது இரண்டரைப் பெக். 1987 முதல் கள்ளுக்குத் தடை இருக்கும் தமிழ்நாட்டிலிருந்து எல்லை தாண்டிப் போய்க் குடிப்பவர் அதை இளநீர்க் கணக்கில் எழுதிக்கொள்ள முடியாது.

கழுத்து, கை, மார்பு

நீண்டகாலக் குடி தோலில் எழுதும் கையெழுத்து முகப்பருவாக இராது. அது வேறு இடங்களில் தெரியும். நெஞ்சின் மேற்பகுதியில், சிவந்த ஒரு புள்ளியும் அதிலிருந்து எட்டுத் திக்கிலும் ஓடும் மெல்லிய இழைகளுமாகச் சிலந்தியைப் போன்ற தடம். மருத்துவர் கண்ணாடித் துண்டின் முனையால் நடுப்புள்ளியை அழுத்துவார். இழைகள் எல்லாம் ஒரே நொடியில் மறையும். எடுத்தால் நடுவிலிருந்து வெளிப்புறமாக ரத்தம் பாய்ந்து மறுபடி சிவக்கும். கர்ப்பிணிகளுக்கும் ஒன்றிரண்டு வருவதுண்டு. ஆண்களின் மார்பில் பல இருந்தால் கல்லீரலைச் சோதிக்கச் சொல்வார்கள். உள்ளங்கையின் ஓரங்கள் நிரந்தரமாகச் சிவப்பதும், காரணம் தெரியாத அரிப்பும் இதே வரிசையில் வருபவை.

இன்னும் கவனிக்க வேண்டியது கழுத்து. சட்டைக் காலர் திறந்திருக்கும் இடத்தில் மாலை போட்டது போல் கறுத்துத் தடித்து உரிகிற தோல். புறங்கையிலும் அதே கறுப்பு. பார்ப்பவர்கள் வெயில் என்பார்கள். துறைமுகத்திலும் படகிலும் வேலை பார்ப்பவர் என்றால் சந்தேகமே வராது. இது பெல்லாக்ராவாக இருக்கலாம்: நியாசின் என்ற பி-3 வைட்டமின் குறைபாடு. 1735இல் ஸ்பெயினில் காஸ்பர் காசல் என்ற மருத்துவர் இதை விவரித்ததால் கழுத்துத் தடிப்புக்கு 'காசல் மாலை' என்ற பெயர் நிலைத்தது. இந்தியாவில் சோளத்தை முதன்மை உணவாக உண்ட தக்காணப் பகுதிகளில் ஹைதராபாத் ஆய்வாளர் சி. கோபாலன் இந்நோயை ஆராய்ந்தார். அரிசி உண்ணும் கேரளத்திலும் தமிழ்நாட்டிலும் பெல்லாக்ராவைக் கண்ட மருத்துவர் முதலில் விசாரிப்பது குடியைத்தான். சோற்றைத் தவிர்த்துக் குடிக்கிறவருக்கு வைட்டமின் உள்ளே போவதும் குறைவு, குடல் அதை உறிஞ்சுவதும் குறைவு. கவனிக்காமல் விட்டால் வயிற்றுப்போக்கு, மனக்குழப்பம், இறுதியில் சாவு. கவனித்தால் விலை குறைந்த நிகோடினமைடு மாத்திரையிலும் சரியான சாப்பாட்டிலும் சில நாட்களிலேயே மாற்றம் தெரியும்.

இதில் இருக்கும் முரண் கசப்பானது. குடிக்காத பையன் பருவுக்காகச் சந்தேகிக்கப்படுகிறான். குடிக்கிற தந்தையின் கழுத்துக் கறுப்பு வெயிலின் கணக்கில் போகிறது. ஒருவனுக்குச் சிகிச்சைக்குப் பதில் அறிவுரை கிடைக்கிறது. இன்னொருவருக்கு இரண்டுமே கிடைப்பதில்லை. பையனின் இழப்பும் சிறிதல்ல. நார்வேயின் ஆஸ்லோவில் 18, 19 வயதினர் 3,775 பேரிடம் எடுத்து 2011இல் வெளியான ஆய்வில், கடுமையான பரு உள்ளவர்களிடம் தற்கொலை எண்ணம் மற்றவர்களைவிடக் கூடுதலாக இருந்தது.

பரு உள்ளவர் குடிக்கலாமா என்ற கேள்விக்கு நடைமுறை விடை, பருவைவிடப் பருவின் மருந்தைப் பொறுத்தது. முற்றிய பருவுக்குத் தரப்படும் ஐசோட்ரெடினாயின் ரத்தக் கொழுப்பையும் கல்லீரல் நொதிகளையும் உயர்த்தக்கூடியது; அதைச் சாப்பிடும் மாதங்களில் மதுவை விட்டுவிடச் சொல்வது வழக்கம். டாக்சிசைக்ளின் தொடர்ந்து குடிப்பவரின் உடம்பிலிருந்து சீக்கிரம் வெளியேறிவிடுவதால் வேலை செய்யும் நேரம் குறைகிறது. எந்த மருந்தானாலும் குடிக்கும் அளவை மருத்துவரிடம் மறைக்காமல் சொல்வது நோயாளிக்குத்தான் லாபம்.

வீட்டில் ஒருவருக்குப் பரு வந்தால் தலையெண்ணெயையும் மருந்துக் கடைக் களிம்பையும் முதலில் நிறுத்திப் பாருங்கள். இரண்டு மாதத்தில் குறையாவிட்டாலோ தழும்பு விழத் தொடங்கினாலோ தோல் மருத்துவரிடம் போங்கள். வீட்டில் குடிப்பவர் இருந்தால் அவருடைய முகத்தை விட்டுவிட்டுக் கழுத்தையும் புறங்கையையும் மார்பையும் பாருங்கள். அங்கே மாற்றம் தெரிந்தால் காத்திருக்காதீர்கள். அவருக்குத் தோல் மருத்துவர், கல்லீரலைப் பார்க்கும் மருத்துவர், குடி மீட்புச் சிகிச்சை மூன்றும் வேண்டியிருக்கும்.